பீப்பாய் மாதம், சுரண்டல் வருடம்

நான் படித்தது மூன்றாம் வகுப்பு. அதிலும் பாதிதான். பதினான்கு வயதில் தோணியில் சமையலுக்கு ஏறினேன். முப்பதில் தண்டல் ஆனேன், அதாவது தோணியை நடத்திக்கொண்டு போகிற தலைவன். ஐம்பதில் இரண்டு தோணிகளுக்குச் சொந்தக்காரன். மாலத்தீவுக்கும் கொழும்புக்கும் வெங்காயம், செங்கல், சிமெண்டு என்று நான் ஏற்றாத சரக்கு இல்லை. ஒருத்தரும் கை கொடுத்துத் தூக்கிவிடவில்லை. இதை நான் எங்கே போனாலும் சொல்வேன், இங்கேயும் சொல்கிறேன். ஏனென்றால் இந்தக் கரையில் தோணி வாங்கியவர்கள் நிறையப் பேர் உண்டு, இல்லாத ஓர் உலகத்துக்குக் காலண்டர் செய்து கொடுத்தவன் நான் ஒருத்தன்தான்.

அது கச்சான் காற்றுக் காலம். மேற்கேயிருந்து வீசி வீசித் தெருப் புழுதியையெல்லாம் பல்லுக்குள் கொண்டுவந்து போடும். அந்த மாதங்களில் தோணி ஓடாது. மகன்தான் இப்போது தொழிலைப் பார்க்கிறான், அவன் இரண்டு தோணியையும் கட்டிப்போட்டுப் பழுது பார்த்துக்கொண்டிருந்தான். எனக்கு முழங்காலில் ஆபரேஷன் ஆகி ஏழு வாரம். நடக்க வேண்டும், ஆனால் துறைமுகம் வரைக்கும் நடக்கக் கூடாது என்று டாக்டர் சொல்லிவிட்டார். ஆகவே வீட்டுக்குள் நடந்தேன். வாசல் கதவிலிருந்து அடுப்படி, அடுப்படியிலிருந்து வாசல் கதவு. ஜன்னல் படபடவென்று அடிக்கும், போய்ச் சாத்துவேன். சாத்தினால் புழுங்கும், மறுபடி திறப்பேன். என் மனைவி பொறுத்துப் பொறுத்துப் பார்த்துவிட்டு, "ஒரு இடத்துல இரிங்களேன். எனக்குத் தலை சுத்துது" என்பாள். இருப்பேன். பத்து எண்ணுவதற்குள் எழுந்துவிடுவேன்.

அந்த நேரத்தில்தான் மகள் பெங்களூரிலிருந்து வந்தாள். கம்ப்யூட்டர் விளையாட்டுகளுக்குக் கதை எழுதுகிற வேலை அவளுக்கு. இரண்டு வாரம் வீட்டிலிருந்தே வேலை பார்க்கிறேன் என்று மடிக்கணினியோடு வந்து, மேசை முன்னால் உட்கார்ந்தாள். வயது முப்பத்தாறு. பத்து வருடமாக மற்றவர்களுடைய கதைகளுக்கு வசனம் எழுதியவள், முதல்முறையாகத் தன் சொந்த உலகம் ஒன்றைச் செய்துகொண்டிருந்தாள். வருகிற திங்கட்கிழமை கம்பெனிப் பெரியவர்கள் முன்னால் அதை வைக்க வேண்டும். பிடித்தால் அந்த விளையாட்டு அவளுடையது. பிடிக்காவிட்டால் வேறொருவர் கதையை எடுத்துக்கொள்வார்கள், இவள் மறுபடி வசனம் எழுதப் போக வேண்டும்.

வியாழக்கிழமை காலையில் நான் பதினைந்தாவது தடவையாக அவள் முதுகுக்குப் பின்னால் நடந்தபோது திரும்பினாள்.

"அப்பா, சும்மா நடக்காதீங்க. எனக்கு ஒரு வேலை செஞ்சு தாங்க. ஒரு காலண்டர் வேணும்."

"கடையில சும்மாவே குடுப்பானே. மாதா படம் போட்டதா, முருகன் படம் போட்டதா?"

"அது இல்லப்பா. என் கதை நடக்குற உலகத்துக்கு. அங்கன கடலும் தீவும் மட்டுந்தான். எப்பவும் மூட்டம். சூரியனும் கிடையாது, நிலாவும் கிடையாது. ஒரே வெளிச்சம்."

"ராத்திரி?"

"கிடையாது."

"அப்பம் எப்பத் தூங்குவானுவ?"

"தூக்கம் வந்தா."

"குடுத்து வச்சவனுவ" என்றேன்.

அவள் சிரிக்கவில்லை. பன்னிரண்டு மாதத்துக்கும் பூக்களின் பெயரை வைத்து ஒன்று செய்திருந்தாளாம். அதைப் பார்த்துவிட்டு அவளுடைய மேலதிகாரி, இது நம்முடைய காலண்டருக்கே புதுச் சட்டை போட்ட மாதிரி இருக்கிறது என்று சொல்லிவிட்டானாம். சூரியன் இல்லாதவன் நாளை எப்படி எண்ணுவான் என்பதுதான் அவளுடைய சிக்கல். நாள் கணக்கு சரியாக அமையாவிட்டால் கதையே நிற்காது என்றாள்.

படித்தவர்களுக்குச் சிக்கலாக இருப்பது எனக்கு அடுப்படிக்குப் போய்த் திரும்புவதற்குள் பிடிபட்டுவிட்டது.

"தோணி ஓடுனா நாள் ஓடும். தோணி நின்னா நாள் நிக்கும். எழுதிக்கோ. நங்கூரம் எடுத்ததுல இருந்து நங்கூரம் போடுறது வரைக்கும் ஒரு நாள். அதுக்குப் பேரு ஓட்டம்."

அவள் விரல்கள் கீ போர்டில் ஓட ஆரம்பித்தன. எனக்கும் வேகம் வந்துவிட்டது.

"மாசம்?"

"பீப்பாய்" என்றேன்.

அது சும்மா வந்த வார்த்தை இல்லை. நான் தண்டலாக இருந்தபோது ஒரு தடவை மாலத்தீவிலிருந்து திரும்புகிற வழியில் இன்ஜின் போய்விட்டது. பதினொரு நாள் மிதந்தோம். அந்தக் காலத்தில் எங்களிடம் போன் இல்லை, ரேடியோவும் செத்துவிட்டது. பத்துப் பேருக்கு ஒரு பீப்பாய் குடிதண்ணீர். அதன் மூடியில் நான் உட்கார்ந்துகொண்டேன். காலையில் ஒரு குவளை, மாலையில் ஒரு குவளை, அதற்கு மேல் கேட்டவன் என்னைத் தாண்டித்தான் குடிக்க வேண்டும். எத்தனை நாள் ஆயிற்று என்று யாரும் கேட்கவில்லை. பீப்பாயில் எத்தனை சாண் இருக்கிறது என்றுதான் கேட்டார்கள். பத்துப் பேரையும் உயிரோடு கரை சேர்த்தேன். இந்தக் கதையை நான் சொல்லாத கல்யாண வீடு இந்த ஊரில் இல்லை.

"பீப்பாய் தண்ணி தீந்தா மாசம் முடிஞ்சுது. கொஞ்சமாக் குடிக்கிறவனுக்கு நீட்டு மாசம். ஊதாரிக்குச் சின்ன மாசம்."

"மழை பெஞ்சா?"

"பீப்பாய் நெறையும். மாசம் வளரும்."

"மழை பெஞ்சா மாசம் வளரும்!" என்று நாற்காலியிலிருந்து எழுந்துவிட்டாள். "அப்பா, இத எவனும் யோசிச்சிருக்க மாட்டான்."

அதில் எனக்குச் சந்தேகம் எதுவும் இல்லை. வருடத்தையும் அப்போதே முடித்துக் கொடுத்தேன். தோணியின் அடியில் சிப்பி ஒட்டிக்கொண்டே வரும். ஒட்ட ஒட்ட வேகம் குறையும். இனி ஓடாது என்கிற நிலைக்கு வந்தால் கரையேற்றிச் சுரண்டுவார்கள். ஒரு சுரண்டலுக்கும் அடுத்த சுரண்டலுக்கும் நடுவில் இருப்பது ஒரு வருடம்.

"எனக்கு இப்பம் அறுபத்தெட்டு சுரண்டல்" என்றேன்.

"அப்பா, சுரண்டல்னா வேற அர்த்தம் வரும்."

அடுப்படியிலிருந்து என் மனைவி, "சரியாத்தான் பேரு வச்சிருக்காரு. மாத்தாத" என்றாள்.

வெள்ளிக்கிழமை மதியம் வரைக்கும் இதே பேச்சுதான். பொரித்த சாளையைப் பிய்த்தபடியே மகள் தன் அம்மாவுக்கு முழுக் காலண்டரையும் விளக்கினாள். ஓட்டம், பீப்பாய், சுரண்டல். என் மனைவி கேட்டுக்கொண்டே எல்லாருக்கும் குழம்பு ஊற்றினாள். பிறகு தன் தட்டில் சோறு போட்டுக்கொண்டு என்னைப் பார்த்தாள்.

"அப்பம் கரையில கெடக்குறவளுக்கு எத்தனை வயசு?"

"என்னது?"

"தோணி ஓடுனாத்தான் நாளுன்னு சொல்லுதிய. நான் ஒரு நாளும் தோணி ஏறல. எனக்குக் கெணத்துத் தண்ணி, பீப்பாயும் இல்ல. உங்க கணக்குல நான் இன்னும் பொறக்கவே இல்லல்லா?"

"கரையில இருக்கவங்களுக்கு எதுக்குளா காலண்டர்? தோணி வந்தா மாலுமிகிட்டக் கேட்டுக்கிட வேண்டியதுதான்."

நான் நல்ல பதில் சொல்லிவிட்டேன் என்றுதான் நினைத்தேன். மகள் கையிலிருந்த மீனைத் தட்டில் வைத்துவிட்டாள்.

"அப்பா, என் கதையில கடலுக்குப் போறவன் வாரதே ரெண்டு காட்சிதான். வெளையாடுறவங்க கரையில நிக்கிற ஒரு பொண்ணாத்தான் வெளையாடணும். புருஷன் போயிருக்கான், அவ தீவைப் பாத்துக்கிடுதா. அவளுக்கு நாள் இல்லன்னா எனக்குக் கதையே இல்ல."

"இத மொதல்லயே சொல்லணும்."

"நீங்க கேக்கவே இல்லையே."

அவள் எழுந்து கை கழுவப் போனாள். வெள்ளிக்கிழமை மதியம் ஆகிவிட்டது, திங்கட்கிழமை காலை பத்து மணிக்குக் கூட்டம். எனக்கு அன்றைக்கு மதியத் தூக்கம் இல்லை. கிணற்று வாளியை வைத்து எண்ணலாமா என்று பார்த்தேன், வாளிக்கு முடிவு இல்லை. கோழி முட்டை போடுவதை வைத்து எண்ணலாம் என்றேன், அந்தத் தீவில் கோழி கிடையாது என்றாள். குழந்தை வளர்வதை வைத்து என்றேன், குழந்தை இல்லாதவள் என்ன செய்வாள் என்றாள். ஒவ்வொன்றுக்கும் ஒரு ஓட்டை. காற்று ஜன்னலை அடித்தது. போய்ச் சாத்தினேன். வந்து திறந்தேன்.

சனிக்கிழமை டாக்டராவது ஒன்றாவது என்று ஆட்டோ பிடித்துப் பழைய துறைமுகத்துக்குப் போய்விட்டேன். கட்டிப்போட்ட தோணிகள் ஒன்றோடொன்று இடித்துக்கொண்டு கிடந்தன. என்னோடு மிதந்த பத்துப் பேரில் ஒருவன், என் வயதுக்காரன், இப்போது அங்கே தோணிப் பழுது பார்க்கும் இடத்தில் கணக்கப்பிள்ளை மாதிரி உட்கார்ந்திருப்பான். அவனிடம் விஷயத்தைச் சொன்னேன்.

"ஏலே, ஒனக்கு முழங்கால்லதான ஆபரேஷன் பண்ணுனான்? தலையிலயுமா?" என்றான்.

"வெளையாட்டு இல்லலே. மக வேலை இதுல நிக்கிது. கரையில இருக்க பொம்பள எப்படிலே நாளை எண்ணுவா?"

"என்னக் கேட்டா? நான் என்னைக்குக் கரையில இருந்தேன்? ஒம் பொண்டாட்டிய கேளு. காலண்டருக்கே சோறு ஊட்டுனவல்லா அவ!"

இரண்டு பேரும் சிரித்தோம். அது என்னுடைய பழைய வேடிக்கை. பதினொரு நாள் கதையைச் சொல்லி முடித்ததும் கடைசியில் இதைச் சேர்த்துக்கொள்வேன், கூட்டம் குலுங்கிச் சிரிக்கும். எங்கள் வீட்டில் தேதி கிழிக்கிற காலண்டரை நான் இல்லாதபோது யாரும் கிழிப்பதில்லை. நான் கிளம்பிய தேதியிலேயே நிற்கும். திரும்பி வந்து, சட்டையைக் கழற்றுவதற்கு முன்னால், மொத்தமாக ஒரே இழுப்பில் நான்தான் கிழிப்பேன். வீட்டுத் தலைவன் கையால் கிழிக்கட்டும் என்கிற மரியாதை என்று நானாக நினைத்துக்கொண்டேன். அந்தப் பதினொரு நாள் தடவை வந்து இழுத்தபோது கிழியவில்லை. மேல் தாள் மட்டும் அட்டை மாதிரி விறைத்துப்போய், அடித்தாளோடு ஒட்டிக்கொண்டு நின்றது. சுரண்டிப் பார்த்தால் சோற்றுப் பருக்கை. "ஏளா, நான் கடல்ல தண்ணியில்லாமச் சாவுறேன், நீ இங்கன காலண்டருக்குச் சோறு ஊட்டிக்கிட்டா இருந்த?" என்றேன். வாசலில் கூடியிருந்தவர்கள் எல்லாரும் சிரித்தார்கள். அவளும் சிரித்தாள் என்றுதான் ஞாபகம்.

ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்து வந்தோம். மகள் கோயிலில்கூட முழங்கால் படியிட்டுக்கொண்டு எங்கேயோ பார்த்துக்கொண்டிருந்தாள். வீட்டுக்கு வந்ததும் பழைய பூப்பெயர்க் காலண்டரையே திறந்து வைத்துக்கொண்டு, "இதையே கொண்டு போறேன்பா. என்ன ஆகுமோ ஆகட்டும்" என்றாள். அவளைச் சிரிக்க வைக்கலாம் என்று துறைமுகத்துப் பேச்சை எடுத்தேன்.

"ஒங்கம்மாட்டக் கேளுன்னு சொல்லுதான். காலண்டருக்குச் சோறு ஊட்டுனவளாம்."

என் மனைவி புடவை மாற்றக்கூட இல்லை. ஈரக் கையைத் துடைத்துக்கொண்டு வந்து சுவரில் சாய்ந்து நின்றாள்.

"முப்பது வருசமா இதச் சொல்லிச் சொல்லிச் சிரிக்கிய. ஒரு நாளாவது ஏன்னு கேட்டியளா?"

சட்டைப் பொத்தானைக் கழற்றிக்கொண்டிருந்த நான் நிமிர்ந்தேன்.

"நீங்க வார வரைக்கும் அந்தத் தேதியே நிக்கட்டும்னுதான் கிழிக்காம வப்பேன். அது நின்னா நீங்க போயி இன்னும் ஒரு நாள் ஆவல. அம்புட்டுத்தான் கணக்கு. அந்தத் தடவ நீங்க வர வேண்டிய நாளு தாண்டி ஒம்பது நாள் ஆச்சு. பக்கத்து வீட்டுக்காரி வந்தா, இன்னொருத்தி வந்தா. என்னைக்குப் போனாரு, எத்தனை நாள் ஆச்சு, சாமியார்கிட்டச் சொல்லிப் பூசைக்குக் குடுக்கணும், தேதி சொல்லுன்னு உசுர வாங்குனாளுவ. எனக்கு வந்த ஆத்திரத்துல போய் அந்தத் தாளக் கிழிச்சிட்டேன்."

"கிழிச்சியா?"

"கிழிச்சிட்டேன். நீங்க போன தேதிய. கையில வச்சுக்கிட்டு நிக்கேன், நானே உங்களக் கொன்னு போட்ட மாதிரி இருந்துச்சு. ஓடிப்போய்ப் பானையில இருந்து சோத்தை எடுத்துத் தேச்சு ஒட்டுனேன். ரெண்டு நாள் கழிச்சு வந்தீய. வந்து, நாலு பேரு முன்னால என்ன சொன்னீயன்னு உங்களுக்கே தெரியும்."

மகள் மெதுவாகச் சொன்னாள்: "எனக்கு ஞாபகம் இருக்கும்மா. ஸ்கூல் போர்டுல ஒரு தேதி இருக்கும். வீட்டுக்கு வந்தா எப்பவும் அப்பா போன தேதி. எது நெசம்னு எனக்குக் கொழப்பமா இருக்கும்."

நான் எழுந்தேன். வாசல் கதவு வரைக்கும் போனேன். காற்று புழுதியை முகத்தில் அடித்தது. திரும்பி அடுப்படிக்குப் போனேன். அங்கே பானை இருந்தது. மறுபடி வாசலுக்குப் போனேன். பத்துப் பேரைக் காப்பாற்றியவன் என்று எத்தனை கல்யாண வீட்டில் சொன்னேன், கடைசியில் எத்தனை பேரைச் சிரிக்க வைத்தேன் என்று எண்ணிப் பார்க்க முயன்றேன். எண்ணிக்கை வரவில்லை. திரும்பி வந்தபோது மகள் டைப் அடித்துக்கொண்டிருந்தாள். பக்கத்தில் அவள் அம்மா நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தாள். அந்த நாற்காலியில் வியாழக்கிழமையிலிருந்து நான்தான் உட்கார்ந்திருந்தேன்.

"கரையில ஒவ்வொரு வீட்டுலயும் ஓலைக் கட்டு ஒண்ணு தொங்கும்" என்று மகள் வாசித்தாள். "ஆள் போனா அந்த ஓலை அப்படியே நிக்கும். தோணி வந்ததும் போனவன் வந்து கிழிக்கணும். அப்பத்தான் ரெண்டு பேருக்கும் வயசு ஏறும்."

"எத்தனை ஓலை கிழிக்கணும்னு அவனுக்கு எப்படித் தெரியும்?" என்றேன்.

"அவன்கிட்ட ஓட்டம் இருக்கு, பீப்பாய் இருக்கு. அவன் கணக்குக்கு எத்தனையோ அத்தனை."

"அவன் வராட்டி?"

மகள் அம்மாவைப் பார்த்தாள். அம்மா சொன்னாள்: "அவளே கிழிக்கலாம். யாரு தடுக்கா? கிழிச்சா ஒட்டவும் செய்யலாம்."

"ஒட்டின நாளு" என்று மகள் தலைப்பு மாதிரி எழுதினாள்.

திங்கட்கிழமை கூட்டம் மடிக்கணினியில்தான் நடந்தது. அறைக் கதவைச் சாத்தியிருந்தாள், நான் வெளியே நடந்தேன். பேச்செல்லாம் இங்கிலீஷ். எனக்குத் துறைமுக இங்கிலீஷ்தான் தெரியும். பேரல் என்று நாலைந்து தடவை கேட்டது, என் பீப்பாய்தான், நெஞ்சு நிமிர்ந்தது. ஒருத்தன் நீளமாக எதையோ மறுத்துப் பேசினான், இவள் விடாமல் மல்லுக்கு நின்றாள். மழையால் மாதம் வளர்ந்தால் கம்ப்யூட்டர் திணறும் என்றானாம், திணறட்டும் என்றாளாம். பிறகு ஒரு பெண் குரல் ஏதோ கேட்டது. இவள் ரொம்ப நேரம் மெல்லிய குரலில் பதில் சொன்னாள். அந்தப் பக்கம் சத்தமே இல்லை. லைன் போய்விட்டதோ என்று நான் கதவில் காது வைத்தேன்.

வெளியே வந்தவள் முதலில் அம்மாவைத்தான் கட்டிக்கொண்டாள். விளையாட்டு அவளுடையதாகிவிட்டது. ஓலையை முன்கூட்டியே கிழிக்கலாமா என்று கேட்டாளாம் அந்தப் பெண். கிழிக்கலாம், ஆனால் எதை வைத்து ஒட்டுவது என்று விளையாடுகிறவரே தேடிக் கண்டுபிடிக்க வேண்டும் என்று இவள் சொன்னாளாம். அங்கேதான் எல்லாரும் அமைதியாகிவிட்டார்களாம். ஓட்டம் அப்படியே இருக்கும், பீப்பாயும் இருக்கும். சுரண்டலுக்கு மட்டும் வேறு பெயர்.

"அதுதான் நல்ல பேரு. எவன் மாத்துனது?"

"நாந்தாம்பா" என்றாள். "யாரு செஞ்ச காலண்டர்னு கேட்டாங்க. எங்கப்பாவும் அம்மாவும்னு சொன்னேன்."

அப்பாவைத்தான் முதலில் சொல்லியிருக்கிறாள். அதைக் கவனித்துக்கொண்டேன்.

அந்த வாரக் கடைசியில் அவள் மைசூர் ரயிலில் பெங்களூருக்குக் கிளம்பினாள். மாதா கோயில் திருவிழாக் கொடியேற்றத்துக்கு வருவேன் என்று சொல்லிவிட்டுப் போனாள். ஸ்டேஷனிலிருந்து திரும்பி வந்து நாலாம் நாள்தான் கவனித்தேன். சுவர்க் காலண்டர் அவள் கிளம்பிய தேதியிலேயே நின்றது. நான் தொழிலை விட்டுக் கரையேறிய பிறகு தினமும் காலையில் காப்பியோடு நான்தான் கிழிப்பேன். முழங்கால் வலியில் மறந்துபோய்விட்டேன் போலிருக்கிறது என்று கையை நீட்டினேன்.

"கைய எடுங்க" என்றாள் மனைவி பின்னாலிருந்து.

"ஏளா, அவ என்ன கடலுக்கா போயிருக்கா? ரயில்ல போய் எறங்கி, போனும் பண்ணிட்டா."

"இருக்கட்டும். வந்து அவ கிழிப்பா."

இன்றைக்கு என்ன தேதி என்று போனில் இருக்கிறது, எனக்குத் தெரியும். தெரிந்தும் அந்தப் பக்கம் போகும்போதெல்லாம் நின்றுவிடுகிறேன். நாற்பது வருடம் ஒரே இழுப்பில் கிழித்துக் கசக்கி எறிந்த கை இது. இப்போது கட்டை விரலால் தாள்களின் ஓரத்தைத் தூக்கி, கொடியேற்றம் வரைக்கும் ஒவ்வொன்றாக எண்ணிவிட்டு, கிழியாமல் மெதுவாகப் படிய விடுகிறேன். பிறகு வாசல் கதவு. பிறகு அடுப்படி. காலையிலிருந்து ஐந்து தடவை எண்ணிவிட்டேன். ஐந்து தடவையும் அதே எண்ணிக்கைதான் வருகிறது.